மறைத்துக் காட்டும் தொழில்

ரமண மகரிஷி சொன்ன சினிமாத் திரை உவமை இடம்பெறாத ஆன்மிகச் சொற்பொழிவு தமிழ்நாட்டில் அபூர்வம். திரையில் தீப்பிடிக்கிறது, திரை வேகவில்லை. வெள்ளம் புரள்கிறது, திரை நனையவில்லை. படங்கள் வருகின்றன, போகின்றன; திரை இருந்தபடி இருக்கிறது. ஆன்மா திரை, உலகம் அதில் ஓடும் படம். அத்வைதத்தை இவ்வளவு சிக்கனமாக விளக்கும் உவமை வேறொன்று கிடைப்பது கடினம்; கொட்டகைக்குப் போய்ப் பழகிய எவருக்கும் உடனே பிடிபடும். வேதாந்த மேடையில் இது ஒலிப்பதில் வியப்பில்லை. சைவ மேடைகளிலும், சைவ சித்தாந்தத்தைப் பரம்பரைச் சொத்தாக வைத்திருக்கும் திருநெல்வேலிப் பக்கத்திலும்கூட, யாரும் யோசிக்காமல் இதை எடுத்தாள்கிறார்கள் என்பதுதான் கவனிக்க வேண்டியது. டிக்கெட் வாங்கி உட்கார்ந்திருப்பவரின் நாற்காலியிலிருந்து பார்க்கப்பட்ட உவமை இது. சினிமாவுக்கு இன்னொரு முனை உண்டு. விளக்கை எங்கே வைப்பது, எதை இருளில் விடுவது என்று தீர்மானித்த ஒருவர் அங்கே நிற்கிறார். அவருடைய தொழிலுக்குள் புகுந்து பார்த்தால் அது திரை உவமைக்குத் துணை நிற்காது, சித்தாந்தத்துக்கே துணை நிற்கும் என்பது என் வாதம். அதிலும், சித்தாந்தம் படிப்பவர்களுக்குப் பெரும்பாலும் நெருடலாகவே இருக்கும் ஒரு கொள்கைக்கு: இறைவன் மறைக்கிறான், அந்த மறைப்பும் அருளே.

தாமிரபரணி மலையை விட்டு இறங்கும் பாபநாசத்துக்குப் பக்கத்தில் விக்கிரமசிங்கபுரம் இருக்கிறது. இன்று அந்த ஊரைச் சொன்னால் ஹார்வி மில் நினைவுக்கு வரும், நீர்மின் நிலையம் நினைவுக்கு வரும். மாதவச் சிவஞான முனிவர் பிறந்த ஊரும் அதுதான். திருவாவடுதுறை ஆதீனத்தில் சேர்ந்து, 13ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் அருளிய சிவஞானபோதத்துக்கு மாபாடியம் என்ற பேருரை எழுதியவர், 1785இல் மறைந்தார். பன்னிரண்டே சூத்திரம் கொண்ட அந்தச் சிறு நூல் கண்ணைப் பற்றி அடிக்கடி பேசுகிறது. கண்ணுக்குக் காணும் ஆற்றல் உண்டு, ஆனால் இருட்டில் அந்த ஆற்றல் இருந்தும் பயனில்லை. வெளிச்சம் வேண்டும். வெளிச்சம் வந்த பிறகும் உயிர் கண்ணோடு கூடி நின்றால்தான் காட்சி நிகழும். நினைப்பு வேறிடத்தில் இருந்தால் எதிரே நிற்பவரும் கண்ணில் படுவதில்லை. அப்படிக் கண்ணைக் காணச் செய்யும் உயிரும் தானாக எதையும் அறிந்துவிடாது, அதற்கும் ஒருவன் அறிவிக்க வேண்டும். அவன் காட்டுகிறான், காட்டுவதோடு நில்லாமல் உயிரோடு உடனாய் நின்று தானும் காண்கிறான். காட்டும் உபகாரம், காணும் உபகாரம் என்று சித்தாந்தம் இந்த இரண்டையும் பிரித்துப் பேசும். காண்பவன், காணப்படும் பொருள் என்ற இரண்டோடு வேதாந்தத்தின் பேச்சு முடிந்துவிடுகிறது, கடைசியில் அந்த இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. காட்டுபவன் என்ற மூன்றாமவனை விடவே மாட்டேன் என்பது சித்தாந்தத்தின் பிடிவாதம்.

ஒளிப்பதிவாளர் அந்த மூன்றாமவரின் வேலையைச் செய்பவர். எடுத்துக்காட்டாக மார்க்கஸ் பார்ட்லியை எடுத்துக்கொள்ளலாம். ஆங்கிலோ இந்தியர், நிழற்படக்காரராகத் தொடங்கியவர். இரண்டாம் உலகப் போர் முடிந்த 1945ஆம் ஆண்டில் பி. என். ரெட்டியின் ‘சுவர்க்க சீமா’வுக்கு ஒளிப்பதிவு செய்தார். பிறகு ‘பாதாள பைரவி’, ‘மிஸ்ஸியம்மா’, 1957இல் ‘மாயா பஜார்’ என்று வடபழனியின் விஜயா வாகினியில் அவர் பெயர் நிலைத்தது. 1965இல் ராமு காரியாட்டின் ‘செம்மீன்’, 1969இல் தேசிய விருது வாங்கித் தந்த ‘சாந்தி நிலையம்’. மகாபாரதக் கதையை வீட்டில் கேட்டு வளர்ந்திருக்க வாய்ப்பு குறைவு. ஆனாலும் கிருஷ்ணன் எப்படி இருப்பான் என்று தமிழ்நாட்டிலும் ஆந்திரத்திலும் ஒரு தலைமுறைக்கே தெரிந்தது அவர் போட்ட வெளிச்சத்தில்தான். காலண்டர்களில் என். டி. ராமாராவின் முகம் கிருஷ்ணனாக நின்றதில் நடிகருக்கும் ஒப்பனைக்காரருக்கும் எவ்வளவு பங்கோ, கன்னத்தின் ஒரு பக்கத்தை மென்மையாக நிழலில் விட்ட பார்ட்லிக்கும் அவ்வளவு பங்கு உண்டு.

‘மாயா பஜார்’ படத்தின் ஓடப் பாட்டில் வரும் நிலவு வானத்து நிலவன்று, பார்ட்லி உண்டாக்கியது. அந்தக் காலத்துக் கறுப்பு வெள்ளைப் பிலிமுக்கு உண்மையான நிலவொளி போதவே போதாது. முழு நிலவில் கேமராவைத் திறந்து வைத்தாலும் நெகட்டிவில் ஒன்றும் விழாது. ஆகவே வெளிப்புற நிலாக் காட்சிகளைப் பகலில் எடுப்பதே அன்றைய வழக்கம். சூரியனை எதிரே வைத்துக்கொள்வார்கள். சிவப்பு வடிகட்டியை லென்சுக்கு முன்னால் மாட்டினால் நீல வானம் கறுத்துப்போகும். லென்சின் துவாரத்தைச் சுருக்கி, பிலிமுக்கு வர வேண்டிய ஒளியில் பெரும்பகுதியைத் தடுத்துவிடுவார்கள். மிஞ்சுவது நீரின் மினுக்கமும் முகத்தின் விளிம்பும். அதுதான் நிலா. இங்கே வேலை செய்திருப்பது ஒளியைச் சேர்ப்பது அன்று, கழிப்பது. ஒரே நடிகர் இரட்டை வேடத்தில் எதிரெதிரே நின்று பேசும் ‘மாஸ்க்’ காட்சியும் இப்படித்தான். பிலிமின் ஒரு பாதியைக் கறுப்புத் தகட்டால் மூடி மறு பாதியில் படம் பிடிக்கிறார்கள். பிலிமைப் பின்னுக்குச் சுற்றி, இப்போது மூடிய பாதியைத் திறந்து திறந்த பாதியை மூடி, மறுபடி பிடிக்கிறார்கள். மூடாமல் இரண்டு தரம் ஓட்டினால் இரண்டு ஆளும் தெரியமாட்டார்கள், ஒன்றன்மேல் ஒன்று ஏறிய குழப்பம்தான் கிடைக்கும். மறைக்கப்பட்டதால்தான் இருவர் கிடைத்தார்கள். தந்திரக் காட்சிகளில் மட்டும் நடப்பதன்று இது. எந்த முகத்துக்கும் முழு வெளிச்சத்தைப் பாய்ச்சினால் மூக்கு தட்டையாகிவிடும், கண் குழி காணாமல் போகும். நிழல் இருந்தால்தான் முகத்துக்கு ஆழம். இதை ஒளிப்பதிவுத் துறையில் உதவியாளராகச் சேர்ந்தவர் முதல் வாரத்திலேயே கற்றுக்கொண்டுவிடுகிறார்.

திரையிடும் முனைக்கு வந்தால் சங்கதி இன்னும் தீர்க்கமாகிறது. பிலிம் புரொஜெக்டர் ஒரு நொடிக்கு 24 சட்டங்களைக் காட்டும். ஒரு சட்டம் போய் அடுத்தது வந்து நிற்பதற்குள் பிலிம் நகர வேண்டும். நகரும்போது வெளிச்சம் விழுந்தால் திரையில் செங்குத்தாக இழுபட்ட கறைதான் தெரியும். அதனால் சுழலும் தகடு ஒன்று, ‘ஷட்டர்’, அந்த நேரம் ஒளியை மறித்துவிடுகிறது. மினுக்கல் தெரியாமல் இருக்க, சட்டம் நிற்கும்போதும் இடையில் ஒருமுறை மறிக்கிறது. கணக்குப் பார்த்தால் மூன்று மணி நேரப் படத்தில் ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம் கொட்டகையே கும்மிருட்டில் இருந்திருக்கிறது. பார்த்தவர்கள் யாரும் அதை அறியவில்லை. அந்த இருட்டு இல்லாமல் போயிருந்தால் அவர்கள் படத்தையே ஒழுங்காகப் பார்த்திருக்க முடியாது. திரை உவமை சொல்பவர்கள் இந்தத் தகட்டைக் கணக்கில் எடுத்துக்கொள்வதே இல்லை.

படைத்தல், காத்தல், அழித்தல் என்ற மூன்றோடு மறைத்தல், அருளல் என்ற இரண்டையும் சேர்த்து இறைவனுக்கு ஐந்தொழில் என்கிறது சைவம். ஆடவல்லானின் ஊன்றிய திருவடி மறைத்தலையும் தூக்கிய திருவடி அருளலையும் குறிக்கும் என்று உண்மை விளக்கம் என்ற சித்தாந்த நூல் சொல்லும். நெல்லையப்பர் கோயிலின் தாமிர சபையில் கும்பிடுபவர்களில் பெரும்பாலோர் தூக்கிய திருவடியையே பார்க்கிறார்கள், அது இயல்பு. ஆனால் ஆட்டத்தின் பாரம் முழுவதும் ஊன்றிய காலில் இருக்கிறது. அந்த மறைப்பாற்றலுக்குத் திரோதானம் என்று பெயர். ஆணவம், கன்மம், மாயை முதலியவற்றோடு அதையும் உயிரைப் பற்றிய ஒரு மலமாக, அழுக்காக, எண்ணும் வழக்கம் உண்டு என்றாலும், அப்படி எண்ணுவது உபசாரமாகத்தான். மலத்தைத் தொழிற்படுத்தி முதிர வைத்துக் கழியச் செய்யும் வேலையில் இருப்பதால் மலம் என்ற பெயர் அதற்கு ஒட்டிக்கொண்டது, உண்மையில் அது அருள்தான். இதை முதல்முறை கேட்பவருக்கு வாதத்தில் ஏதோ சால்ஜாப்பு இருப்பதாகத் தோன்றும். நல்லவன் ஏன் மறைக்க வேண்டும்? மெய்யை அப்படியே காட்டிவிட்டால் என்ன? ஷட்டரைக் கழற்றிவிட்டால் என்ன நடக்கும் என்பதே இந்தக் கேள்விக்குப் பொருந்தும் பதில். முழு ஒளி ஓயாமல் பாயும், ஒன்றும் தெளிவாகத் தெரியாது. அளந்து மறைக்காத ஒளி, காணும் தகுதி இன்னும் முதிராத கண்ணுக்கு இருட்டாகவே முடியும்.

வேதாந்தி சும்மா இருக்கமாட்டார். விளக்கு எங்களுக்கும் தெரியும் என்பார். வித்யாரண்யரின் பஞ்சதசியில் நாடக தீபம் என்றே ஒரு பிரகரணம் இருக்கிறது. அரங்கில் எரியும் விளக்கு தலைவனையும் ஆடுபவளையும் சபையோரையும் ஒருபடித்தாக விளக்குகிறது, அவர்கள் எல்லோரும் எழுந்து போன பிறகும் தன்பாட்டில் எரிகிறது. சாட்சியாகிய ஆன்மா அப்படிப்பட்டது. அழகான உவமைதான், திரை உவமையைவிட ஆழமானதும்கூட. ஆனால் அந்த விளக்கு யாருக்காகவும் எரியவில்லை. சபை காலியானாலும் அதற்கு ஒன்றுமில்லை. ஒளிப்பதிவாளரின் விளக்கு அப்படி அன்று. அது ஓரிடத்தில் வைக்கப்பட்டது, இத்தனை அடி தூரத்தில், இந்தக் கோணத்தில், முன்னால் ஒரு வலைத்துணியோடு, பார்க்கப்போகிற ஒருவரை மனத்தில் கொண்டு. விளக்கு என்ற பொருளை மட்டும் பார்த்தால் இரண்டும் ஒன்று. வைத்த கையைச் சேர்த்துப் பார்த்தால் வேறு. உயிர்கள் பக்குவப்பட வேண்டும் என்பதற்காகவே ஐந்தொழிலும் நடக்கின்றன என்று சித்தாந்தம் சொல்லும்போது அந்தக் கையைத்தான் சொல்கிறது.

இதில் சித்தாந்திக்கும் ஒரு சிக்கல் இருக்கிறது, அதை மூடி வைப்பது நேர்மை ஆகாது. இறைவன் விகாரமற்றவன் என்று சொல்ல வரும்போது சித்தாந்த நூல்கள் சூரியனைத்தான் உவமை காட்டுகின்றன. கதிரவன் முன்னிலையில் ஒரு தாமரை மலர்கிறது, இன்னொன்று மொட்டாக நிற்கிறது, வேறொன்று வாடுகிறது. கதிரவனுக்கு விருப்பும் இல்லை, வெறுப்பும் இல்லை. அப்படியானால் இதுவும் நாடக தீபம்தானே, வைத்த கை எங்கே? சூரிய உவமை இறைவனின் நடுவுநிலையைச் சொல்ல வந்தது, அவன் நோக்கமில்லாதவன் என்று சொல்ல வரவில்லை என்று பதில் சொல்லலாம். சொல்லத்தான் வேண்டும். இருந்தாலும் நடுவுநிலையும் அக்கறையும் ஒரே இடத்தில் எப்படி இருக்கும் என்பதற்குச் சூரியன் உதவாது. என் கணிப்பில் ஒளிப்பதிவாளரே இங்கே மேலான உவமை. பார்ட்லி கிருஷ்ணனுக்கும் சகுனிக்கும் ஒரே அக்கறையோடு விளக்கு வைத்தார். சகுனியை வெறுத்ததால் அவன் முகத்தில் நிழலைக் கூட்டவில்லை. அந்த முகம் புலப்பட எவ்வளவு நிழல் வேண்டுமோ அவ்வளவு விட்டார்.

அடுத்த ஆட்சேபம் நேரடியானது. ‘மாயா பஜார்’ படத்தில் கடோத்கஜனின் வாய்க்குள் லட்டுகள் தாமாகப் பறந்து போகின்றன. லட்டு பறக்கவில்லை. நிலா இல்லை. கிருஷ்ணன் சம்பளம் வாங்கிக்கொண்டு நடித்தவர். பொய்யை அடுக்கி வைத்துவிட்டு அதை அருளுக்கு உவமை ஆக்கலாமா? பக்திப் படங்கள் ஓடிய கொட்டகைகளில் சூடம் ஏற்றிக் கும்பிட்டவர்களை அந்தக் காலத்துப் பகுத்தறிவாளர்கள் கேலி செய்ததும் இந்த அடிப்படையில்தான். வேதாந்தியும் பகுத்தறிவாளரும் ஒரே பக்கம் நிற்கும் அபூர்வமான இடம் இது. இருவருக்குமே படம் பொய். சித்தாந்தம் இருவரோடும் சேராது. அதற்கு மாயை பொய்த்தோற்றம் அன்று, உள்பொருள். உலகம் செய்யப்பட்ட மூலப்பொருள். ஆணவ இருளில் கிடக்கும் உயிருக்கு விடியும் வரை கையில் தரப்பட்ட விளக்கு என்றே உடலையும் உலகத்தையும் அது பேசும். பிலிமைக் கையில் எடுத்துப் பார்த்தால் இது புரியும். அதில் இருப்பவை வெள்ளி உப்புகள். ஒளி பட்ட இடத்தில் கறுத்தன, படாத இடத்தில் கறுக்கவில்லை. அந்தப் படத்தில் நடித்த சாவித்திரியின் முகத்திலிருந்து கிளம்பிய ஒளிதான் வந்து தொட்டது. லட்டு பறந்தது என்ற தீர்ப்பு தவறு. தெரிந்த ஒளி தவறன்று. தீர்ப்பின் பிழையை ஒளியின்மேல் ஏற்றக் கூடாது. குற்றாலத்தின் சித்திர சபையில் கூத்தப்பெருமான் சிலையாக இல்லை, செம்பாக இல்லை, சுவரில் எழுதிய ஓவியமாகவே இருக்கிறார். வழிபாடு அந்த ஓவியத்துக்கு நடக்கிறது. அங்கே கும்பிடும் எவரும் சுவரைச் சிவன் என்று ஏமாந்து போனவர் இல்லை. கொட்டகையில் சூடம் ஏற்றியவரையும் அவ்வளவு அவசரமாக ஏமாளி என்றுவிட முடியாது.

மூன்றாவது ஆட்சேபம்தான் என்னை அதிகம் யோசிக்க வைக்கிறது. மறைத்தலை அருள் என்று சொல்லிப் பழகிவிட்டால், மறைப்பவர்கள் எல்லோருக்கும் அது வசதியாகிவிடாதா? 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காகத் திருநெல்வேலியில் ஆட்சியர் அலுவலகத்தை நோக்கிச் சென்ற ஊர்வலத்தில் போலீஸ் தடியடி நடத்தியது. ஆற்றை நோக்கி விரட்டப்பட்டவர்களில் 17 பேர் இறந்தார்கள். பாவம் தீர்க்கும் என்று நம்பி முங்கும் அதே தாமிரபரணி. அன்று அங்கே கேமராக்கள் இருந்தன என்பதாலும், ஆர். ஆர். சீனிவாசன் போன்றவர்கள் அதை ஆவணப்படமாக்கியதாலுமே அந்த நாள் வெறும் வதந்தியாகத் தேய்ந்து போகவில்லை. இப்படிப்பட்ட இடத்தில் வந்து நின்று மறைப்பும் அருளே என்பது கொடுமை அல்லவா?

கொடுமைதான், இரண்டு மறைப்புக்கும் வேறுபாடு இல்லாவிட்டால். அந்த வேறுபாட்டைச் சித்தாந்தம் முன்பே வரைந்து வைத்திருக்கிறது. உமாபதி சிவம் திருவருட்பயனில் புறத்து இருளையும் ஆணவத்தையும் ஒப்பிடுகிறார். இருள் மற்றப் பொருள்களை மறைக்கும், ஆனால் இருட்டாக இருக்கிறது என்ற அளவில் தன்னையாவது காட்டிக்கொள்ளும். ஆணவம் பொருளையும் மறைக்கும், தான் மறைப்பதையும் மறைக்கும். அதிகாரம் செய்யும் மறைப்பு இந்த இரண்டாவது வகை. இங்கே எதுவும் நடக்கவில்லை என்று அது சொல்லும். ஒளித்து வைத்திருக்கிறோம் என்று சொல்லாது. திரோதானமோ காட்டுவதை முடிவாகக் கொண்டு, அளவோடு, காலம் பார்த்து மறைப்பது. அதன் முடிவு திறப்பு.

1956இல் புடாபெஸ்ட் நகரத் தெருக்களில் சோவியத் டாங்கிகள் நுழைந்தபோது வில்மோஷ் ஜிக்மோண்ட், லாஸ்லோ கோவாக்ஸ் என்ற இரண்டு இளம் ஒளிப்பதிவாளர்கள் பயிற்சிக்கூடத்துக் கேமராவை எடுத்துக்கொண்டு போய் அந்த எழுச்சியையும் அதை நசுக்கியதையும் படம் பிடித்தார்கள். பிறகு ஆயிரக்கணக்கான அடி பிலிமை மறைத்து எடுத்துக்கொண்டு எல்லை கடந்து ஆஸ்திரியாவை அடைந்தார்கள். இரண்டு மறைப்பும் எதிரெதிரே நிற்பதை இந்த ஒரு நிகழ்ச்சியில் பார்க்கலாம். அரசு மறைத்தது தெரியாமல் இருப்பதற்காக. அவர்கள் மறைத்தது தெரியவருவதற்காக. இருவரும் அமெரிக்கா போய்ச் சில்லறை வேலைகளிலும் மலிவுப் படங்களிலும் பல ஆண்டுகளைக் கழித்த பிறகே பெயர் பெற்றார்கள். 1971இல் ராபர்ட் ஆல்ட்மனின் ‘மெக்கேப் அண்ட் மிஸஸ் மில்லர்’ படத்துக்கு ஜிக்மோண்ட் செய்தது தொழில் தெரிந்தவர்கள் பதறக்கூடிய காரியம். நெகட்டிவைக் கொஞ்சம் வெற்று ஒளியில் காட்டி, வேண்டுமென்றே மூடாக்குப் போட்டார். கறுப்பு சாம்பலாக நீர்த்தது, நிறங்கள் மங்கின, பழைய புகைப்படங்களின் புழுதி படத்துக்கு வந்தது. தெளிவைக் கெடுத்துத்தான் அந்தக் குளிரும் சேறும் நிறைந்த சுரங்க ஊரைத் தெளிவாகக் காட்டினார். டாங்கிகளைப் பதிவு செய்தபோது இருந்த கூர்மையும் இங்கே போட்ட மூடாக்கும் ஒரே மனிதருடையவை. எந்த இடத்துக்கு எது தேவை என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

செயற்கை விளக்கைக் கூடியவரை ஒதுக்கிய ஒளிப்பதிவாளர்களும் உண்டே, அவர்கள் மறைப்பதில்லையே என்று கேட்கலாம். பார்ட்லிக்குச் ‘செம்மீன்’ தந்த அதே ராமு காரியாட், 1974இல் வந்த ‘நெல்லு’ படத்தில் மட்டக்களப்புக்காரரான பாலு மகேந்திராவை அறிமுகம் செய்தார். இயற்கை ஒளியின் உபாசகர் என்று பெயர் வாங்கியவர் அவர். சன்னல் வழியே வரும் வெயிலையே நம்பினார் என்பது சரி. எந்தச் சன்னல், எந்த வேளை என்று காத்திருந்ததை மறந்துவிடக் கூடாது. உச்சிவெயிலை ஒதுக்கி மாலைவெயிலுக்காகக் காத்திருப்பவர் பகலின் பெரும்பகுதியை நம்மிடமிருந்து மறைத்துவிட்டவர்தான். தகட்டுக்குப் பதிலாகக் காலத்தை வைத்து மறைத்தார், அவ்வளவே.

இப்போது பிலிமும் போய்விட்டது, சுழலும் தகடும் போய்விட்டது. நெல்லையின் கொட்டகைகளிலும் டிஜிட்டல்தான். அப்படியென்றால் இந்த வாதமும் பழைய இரும்புச் சாமான்களோடு போக வேண்டியதுதானே? இயந்திரத்தைத் திறந்து பார்த்தால் அப்படி இல்லை. பல டிஜிட்டல் புரொஜெக்டர்களில் லட்சக்கணக்கான நுண்கண்ணாடிகள் இருக்கின்றன. ஒவ்வொரு கண்ணாடிக்கும் இரண்டே நிலை: ஒளியைத் திரைக்கு அனுப்பும், அல்லது திரும்பி நின்று அனுப்பாமல் விடும். அரை வெளிச்சம் என்ற ஒன்றை அனுப்ப அதற்குத் தெரியாது. முகத்தின் ஒரு பக்கம் சாம்பல் நிறமாகத் தெரிய வேண்டுமென்றால், அந்தக் கண்ணாடி நொடிக்கு ஆயிரக்கணக்கான முறை திரும்பித் திரும்பி ஒளியை மறுக்க வேண்டும். பழைய தகடு நொடிக்கு 48 முறை செய்த வேலையைத்தான் இது எண்ணிக்கையில் பெருக்கிச் செய்கிறது. சிவஞான முனிவரோடு சண்டை போட வருபவர் புதிய இயந்திரத்தைச் சாட்சிக்கு அழைத்தால், அது அவர் பக்கம் பேசாது.